தடத்தை அழித்த கால்

மே 3, ஞாயிறு

டென்னிஸ் போட்டியின் தகுதிச் சுற்றிலேயே தோற்றேன். 6-3, 6-2. எதிரே ஆடியவனுக்குப் பத்தொன்பது வயது. கை குலுக்கும்போது "நல்லா ஆடினீங்க அங்கிள்" என்றான். முப்பத்து நான்கெல்லாம் ஒரு வயதா? இரண்டு தரம் குளித்தும் கணுக்காலில் செம்மண் வளையம் போகவில்லை.

நிலவரத்தை எழுதி வைத்துவிடுகிறேன், இல்லாவிட்டால் மனசு ராத்திரி முழுக்க அதையே அரைக்கும். ஒற்றையர் தரவரிசைப் பட்டியலின் கடைசிப் பக்கத்தில் என் பெயர் இருக்கிறது. அதைத் தாங்கிப் பிடிப்பது ஒரே ஒரு புள்ளி. போன மே மாதம் வாங்கியது. ஒரு வருஷம் ஆனால் புள்ளி தானாக உதிரும். இது வருகிற பதினெட்டாம் தேதி உதிர்கிறது, பெயரும் கூடவே.

வீட்டுக்காரியோடு எனக்கு ஓர் ஒப்பந்தம். பெயர் அந்தப் பட்டியலில் இருக்கும்வரை ஆட்டம், இரட்டையர் கணக்கில் சேராது. பெயர் போன மறுநாள் மட்டையைப் பரணில் போட்டுவிட்டு, அவள் கணக்கு டீச்சராக இருக்கும் பள்ளிக்கூடத்தில் நான் விளையாட்டு வாத்தியார். தலைமையாசிரியையிடம் பேசியே வைத்துவிட்டாள். விசில்கூட வாங்கியிருப்பாள் என்று எனக்குச் சந்தேகம்.

மிச்சம் ஒரே வழி. அடுத்த வாரம் இன்னோர் ஊரில் போட்டி, ஏழு மணி நேரப் பேருந்து. இந்த வெள்ளிக்கிழமை மாலை ஆறு மணிக்குள் நேரில் போய்க் கையெழுத்துப் போட்டால் தகுதிச் சுற்றில் இடம் உண்டு. ஆள்தான் போக வேண்டும், போனில் சொன்னால் ஏற்க மாட்டார்கள். அங்கே ஒரு புள்ளி எடுத்தால் இன்னும் ஒரு வருஷம். ஒரே ஒரு புள்ளி. பிச்சை கேட்பது மாதிரி இருக்கிறது, இருந்தாலும் கேட்கிறேன்.

மே 4, திங்கள்

ஆழம் தெரியாமல் காலை விட்டுவிட்டேன்.

என் மச்சினனும் இந்தப் போட்டிக்கு வந்திருக்கிறான். மனைவியின் தம்பி, இருபத்திரண்டு வயது, ஒட்டகச்சிவிங்கி மாதிரிக் கை கால். இதுவரை தொழில்முறைப் போட்டியில் ஓர் ஆட்டம்கூட ஜெயித்ததில்லை. அவனும் நேற்றே வெளியே. காலையில் வந்து, "மாமா, ரெண்டு பேரும் சேந்து டபுள்ஸ் போடலாமா? பேர் இருந்தா ரூமைக் காலி பண்ணச் சொல்ல மாட்டாங்க" என்றான். அறைதானே என்று நானும் கையெழுத்துப் போட்டேன். போட்ட பிறகுதான் மண்டையில் உறைத்தது. வெள்ளிக்கிழமை வரை ஜெயித்துக்கொண்டே போனால் நான் எப்படி அந்த ஊருக்குப் போவேன்?

மேற்பார்வையாளரிடம் போய் விலகலாமா என்று கேட்டேன். அவர் சட்டப் புத்தகத்தைப் பார்க்காமலேயே ஒப்பித்தார். உடம்பு சரியில்லை என்று விலகினால் அடுத்த வாரம் எங்கேயும் ஆடக் கூடாது. வேண்டுமென்றே தோற்றால் அபராதம், மூன்று மாதத் தடை. "நல்லபடியா ஆடித் தோத்தா யாரு கேக்கப் போறா?" என்றார்.

சரி. நல்லபடியாகத் தோற்பது என்ன பெரிய வித்தையா? பதினைந்து வருஷமாக அதைத்தானே செய்துகொண்டிருக்கிறேன். மச்சினனிடம் சொல்லவில்லை. சின்னப் பையன், ஆசையாக இருக்கிறான்.

மே 5, செவ்வாய்

இப்படி ஒரு ஆட்டத்தை நான் கண்டதில்லை. நடுவரம்மாவும் கண்டதில்லையாம்.

எதிர் ஜோடி ஒரு நெட்டையன், ஒரு தாடிக்காரன். ஆட்டம் தொடங்குமுன் தாடிக்காரன் இஸ்திரி போட்ட கோட் ஒன்றைக் கம்பி வேலியில் மாட்டினான். இடைவேளையில் விசாரித்தேன். நாளைக் காலை அவன் அக்காவுக்குக் கல்யாணம், இன்று மத்தியானம் இரண்டரை மணிக்குப் பேருந்து. அவனும் விலக முடியாமல் தோற்க வந்திருக்கிறான். நெட்டையனும் கல்யாணத்துக்குப் போகிறானாம், சாப்பாட்டுக்கு. ஆக, மைதானத்தில் நான்கு பேர், அதில் ஜெயிக்க ஆடுவது என் மச்சினன் ஒருத்தன்தான்.

செம்மண்ணில் ஒரு வழக்கம் உண்டு. பந்து விழுந்த இடத்தில் தடம் பதியும். சந்தேகம் வந்தால் நடுவர் நாற்காலியிலிருந்து இறங்கி வந்து தடத்தைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்வார். ஆனால் தன் பக்கத்தில் விழுந்த தடத்தை ஒருவன் காலால் அழித்துவிட்டால், "பந்து உள்ளேதான், புள்ளி உனக்கே" என்று அவன் ஒப்புக்கொண்டதாக அர்த்தம். அதற்கு மேல் பேச்சில்லை. சட்டப்படி, கௌரவமாக, யாரும் குறை சொல்ல முடியாதபடி புள்ளியைத் தாரைவார்க்க இதைவிட வழி ஏது?

முதல் தரம் தாடிக்காரன் அடித்த பந்து எங்கள் பக்கம் வெளியே விழுந்தது. நான் அழித்தேன். அவன் முகம் சுருங்கிவிட்டது. அடுத்து மச்சினன் அடித்தது ஒரு சாண் வெளியே. தாடிக்காரன் ஓடி வந்து அழித்தான். பிறகு போட்டிதான். அவன் தன் பந்தையே "அவுட், நல்லா அவுட்" என்று கத்துகிறான். நான் "இல்ல சார், சுத்தமா உள்ள" என்கிறேன். நடுவரம்மாவுக்கு முழங்காலில் பட்டை. ஒன்பது தரம் இறங்கி ஏறினார். ஒன்பதாவது தரம் நின்ற இடத்திலேயே சொன்னார்: "பதினோரு வருஷமா இந்த நாற்காலியில உக்காந்திருக்கேன். தன் பந்து வெளிய போச்சுன்னு சண்டை போடுறவன இன்னிக்குத்தான் பாக்குறேன்."

தோற்பதில் தாடிக்காரன் என்னைவிடக் கெட்டிக்காரன். 6-6 ஆனதும் வந்த டை-பிரேக்கில் மட்டும் மூன்று டபுள் ஃபால்ட், சர்வ் இரண்டையும் வலையில் போட்டுப் புள்ளியைத் தந்தான். நான் ஒன்று போட்டதற்கே நடுவரம்மா முறைத்தார். 7-6, 6-4. ஜெயித்துவிட்டோம். பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது. கோட்டைத் தோளில் போட்டுக்கொண்டு தாடிக்காரன் ஓடிய ஓட்டத்தைப் பந்துக்கு ஓடியிருந்தால் அவன் எங்கேயோ போயிருப்பான்.

மச்சினன் வலைக்குப் பக்கத்தில் மண்ணில் மண்டியிட்டு உட்கார்ந்திருந்தான். வாழ்க்கையில் முதல் வெற்றியாம். வேடிக்கை பார்த்த பதினோரு பேரும் கை தட்டினார்கள், எனக்குத்தான். இவ்வளவு நேர்மையான ஆட்டக்காரனை அவர்கள் பார்த்ததில்லையாம். எனக்கு வெட்கமாக இருந்தது.

மே 6, புதன்

இன்று கால் இறுதி. எட்டு மணிக்கு மைதானத்துக்குப் போனால் எதிர் ஜோடியைக் காணோம். விடியற்காலையிலேயே மூட்டையைக் கட்டிக்கொண்டு போய்விட்டார்களாம், அபராதத்துக்கும் தயாராக. நான் தோற்குமுன்னே அவர்கள் தோற்றுவிட்டார்கள். ஆடாமலேயே அரையிறுதி. தலையெழுத்து.

மட்டைக்கு நரம்பு கட்டுபவர் என்னை "வாங்க உத்தமரே" என்று கூப்பிட்டார். பெயரே வைத்துவிட்டார்கள்.

மே 7, வியாழன்

காலையிலிருந்து மழை. மைதானத்துக்குத் தார்ப்பாய் போட்டுவிட்டார்கள். அரையிறுதி நாளைக் காலை பத்து மணிக்குத் தள்ளிப்போனது. கையெழுத்துப் போட ஆறு மணிக்குள் அந்த ஊரில் இறக்கிவிடும் கடைசிப் பேருந்து பத்தே முக்காலுக்கு. நாற்பத்தைந்து நிமிஷத்தில் தோற்றாக வேண்டும். முடியும், மனசு வைத்தால்.

மத்தியானம் மச்சினன் ஈரச் சாக்ஸைக் காயப்போட இடம் தேடி என் பையைத் திறந்தான். உள்ளே எல்லாம் மடித்து வைத்திருந்தேன். மேலாக அந்தப் பேருந்து டிக்கெட், வெள்ளி 10.45. கையில் எடுத்து நெடுநேரம் பார்த்தான்.

"நாளைக்கு நாம தோப்போம்னு உனக்கு எப்படி மாமா தெரியும்?"

பொய் சொல்லப் பார்த்தேன், வாயில் வரவில்லை. எல்லாவற்றையும் சொன்னேன். புள்ளி, பட்டியல், அவன் அக்காவோடு போட்ட ஒப்பந்தம், தடம் அழித்தது, எல்லாம். கேட்டுக்கொண்டே இரண்டு சாக்ஸையும் உருட்டி உருட்டிப் பந்தாக்கினான்.

"செவ்வாக்கிழமை நான் அக்காவுக்குப் போன் பண்ணி அழுதேன் மாமா. ஜெயிச்சுட்டேன்னு. நீ பக்கத்துலதான் நின்ன. கேட்டுக்கிட்டே நின்ன."

பிறகு சுவர் பக்கம் திரும்பிப் படுத்துவிட்டான். ஆறடி இரண்டங்குல முதுகு. ஒற்றைக் கட்டில் இரண்டுக்கும் நடுவே ஒரு மட்டை அகலம்தான் இடைவெளி.

நான் என்ன தப்பு பண்ணிட்டேன்? என் பேரு போயிடுமேன்னு பயந்தேன், அவ்வளவுதானே. ஆனா அவன் பேரு இன்னும் எந்தப் பட்டியல்லயும் ஏறவே இல்லையே — அதை நான் யோசிச்சேனா? இல்லை. ஒரு நிமிஷம்கூட யோசிக்கலை. நான் ஒரு மடையன். கூடவே கொஞ்சம் அயோக்கியனும்.

மே 8, வெள்ளி

டிக்கெட்டைக் கிழித்தேன். மச்சினன் முன்னால் கிழிக்கவில்லை, அது நாடகமாக இருக்கும். கழிவறையில் கிழித்தேன்.

மனசார ஆடினோம். பத்தே முக்காலுக்கு மைதானத்துக்குப் பின்னால் பெரிய சாலையில் பேருந்து ஹாரன் கேட்டது. அதே வண்டியா தெரியாது. அப்போது நான் சர்வ் போடக் கையில் பந்தைத் தட்டிக்கொண்டிருந்தேன். போட்டேன், எதிராளி மட்டையில் படவே இல்லை. மச்சினன் திரும்பி என்னைப் பார்த்தான். அதன்பிறகுதான் இடைவேளையில் தண்ணீர் பாட்டிலை என் பக்கம் நகர்த்தினான்.

ஒன்றரை மணிக்கு ஜெயித்தோம். மாலை ஆறு மணிக்கு நான் கடிகாரத்தைப் பார்க்கவில்லை என்று எழுத ஆசை. பார்த்தேன். ஆறு ஐந்து வரை பார்த்தேன்.

நாளை இறுதி. ஜெயித்தால் இரட்டையர் பட்டம், அவன் பெயர் முதல் தடவையாக ஒரு பட்டியலில் கணிசமான புள்ளியோடு ஏறும். எனக்கும் இதுவரை பட்டம் கிடையாது, பதினைந்து வருஷத்தில் ஒன்றுகூட. இது ஒன்றையாவது அவனுக்கு வாங்கிக் கொடுத்துவிட வேண்டும்.

மே 9, சனி

எழுதவே கை வரவில்லை. எழுதினால்தான் தூக்கம் வரும்.

ஆளுக்கு ஒரு செட். கடைசியில் பத்துப் புள்ளி டை-பிரேக், இரண்டு புள்ளி வித்தியாசத்தில் முதலில் பத்தைத் தொடுபவருக்குப் பட்டம். 9-8. நமக்கு ஒரு புள்ளி, ஒரே ஒரு புள்ளி போதும். எதிர் ஜோடியில் இடதுகைக்காரன் உயரத் தூக்கி அடித்தான். நான் பின்னால் ஓடினேன், பந்து எனக்கு முன்னால் கோட்டைத் தாண்டி விழுந்தது. நாலு விரற்கடை வெளியே. என் கண்ணால் பார்த்தேன். நடுவரம்மா "அவுட்" என்றார். மச்சினன் மட்டையை வானத்தில் எறிந்தான்.

இடதுகைக்காரன் தடத்தைப் பார்க்கச் சொல்லிக் கேட்டான், ஒரு சம்பிரதாயத்துக்குத்தான். நடுவரம்மா முழங்காலைப் பிடித்தபடி இறங்க ஆரம்பித்தார். நான் தடத்துக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன். ஜெயித்துவிட்டோம், வீட்டுக்காரிக்குப் போனில் முதலில் யார் சொல்வது, நானா அவனா என்று யோசித்துக்கொண்டிருந்தேன்.

நடுவரம்மா வழியிலேயே நின்றுவிட்டார். எல்லோரும் என் காலைப் பார்த்தார்கள். நானும் பார்த்தேன்.

என் வலது கால் தடத்தை அழித்துக்கொண்டிருந்தது. நன்றாக, பொறுமையாக, இப்படியும் அப்படியும்.

நான் செய்யலை. நான் எதுக்குச் செய்யப் போறேன்? செவ்வாக்கிழமை பூரா அழிச்சு அழிச்சுப் பழகின கால் — சொல்லாமலே வேலையப் பாத்துடுச்சு. "இல்லை, அது அவுட், நான் பார்த்தேன்" என்று வாயைத் திறந்தேன். அதற்குள் மொத்தக் கூட்டமும் எழுந்து கை தட்டியது. இன்றைக்கு நாற்பது பேர் இருந்தார்கள். சட்டம் சட்டம்தான், 9-9. அடுத்த இரண்டு புள்ளிகளிலும் மச்சினன் ஒரு பந்தையும் நான் ஒரு பந்தையும் வலையில் அடித்தோம், 9-11. வெண்ணெய் திரண்டு வரும்போது தாழியை உடைத்தேன், அதுவும் காலால்.

பரிசளிப்பில் எனக்கு நேர்மைக்கான சிறப்புப் பரிசு. ஒரு சுவர்க் கடிகாரம். இடதுகைக்காரன் கட்டிப்பிடித்துக்கொண்டு, "உன் எடத்துல நான் இருந்தா அழிச்சிருக்க மாட்டேன்" என்றான். நான் மட்டும் அழித்திருப்பேனாடா, பாவி. பத்திரிகைக்காரர் ஒருவர் கடிகாரத்தோடு என்னைப் படம் எடுத்தார்.

மச்சினன் கேட்டது ஒரே கேள்வி. "இன்னிக்கு எந்த பஸ்ஸுக்கு மாமா டிக்கெட் போட்டிருந்த?"

தானாக நடந்தது என்றேன். கால் தானாக அழித்தது என்றேன். சொல்லும்போதே எனக்கே கேவலமாக இருந்தது, இதை யார் நம்புவார்கள்? வேறு பேருந்தில் போய்விட்டான்.

மே 10, ஞாயிறு

வீடு. கடிகாரம் ஓடவில்லை. பேட்டரி தரவில்லை.

மே 13, புதன்

செய்தித்தாளில் படம் வந்திருக்கிறது. "வெற்றியை விட உண்மை பெரிது" என்று நான் சொன்னதாகப் போட்டிருக்கிறார்கள். நான் அவரிடம் கழிவறை எங்கே என்றுதான் கேட்டேன்.

வீட்டுக்காரியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். சிரிப்பாள் என்று நினைத்தேன். "எனக்கு நம்பிக்கை இருக்குங்க. அரிசி டப்பால உப்பக் கொட்டின ஆளுதான நீங்க. ஆனா அவன் நம்பணுமே" என்றாள். தம்பி அவளோடும் சரியாகப் பேசுவதில்லையாம். மட்டையை விற்கப் போகிறேன் என்றானாம்.

மே 18, திங்கள்

பட்டியல் வந்தது. கடைசிப் பக்கம் வரை போய்ப் பார்த்தேன். இல்லை.

அழுகை வரும் என்று கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தேன். வரவில்லை. மச்சினன் பெயர் இரட்டையர் பட்டியலில் கீழே எங்கோ என் பெயரோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. பட்டம் வாங்கியிருந்தால் இன்னும் மேலே இருந்திருக்கும். அதைப் பார்த்தபோதுதான் அழுகை வந்தது.

மே 21, வியாழன்

மச்சினனுக்குப் போன் போட்டேன். எடுக்கவில்லை. பதினாறாவது தரம்.

மே 30, சனி

சமையலறைக்கு டைல்ஸ் போடுகிறோம். பெட்டிகளைத் தூக்க ஆள் வேண்டும் என்று வீட்டுக்காரி தம்பியைக் கூப்பிட்டிருந்தாள். கூலியாள் இருக்கும்போது எதற்கு இவன் என்று கேட்டேன், "வாயை மூடிக்கிட்டு இருங்க" என்றாள். காலையில் வந்தான். என்னைப் பார்க்காமல் பெட்டி தூக்கினான். பேச்சு அக்காவோடு மட்டும். மூன்று வாரமாகிவிட்டது.

மேஸ்திரி நூல் பிடித்து, மட்டம் பார்த்து, தரை முழுக்கச் சாக்பீஸால் குறி போட்டார். இரண்டு மணி நேர வேலை. போட்டுவிட்டு டீ குடிக்கப் போனார். மச்சினன் டைல்ஸ் பெட்டி மேல் உட்கார்ந்து போனைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அந்நேரம் தலைமையாசிரியை என்னைப் போனில் அழைத்தார். திங்கட்கிழமை நான் வேலையில் சேருகிறேன் அல்லவா, முதல் நாளே பிள்ளைகளிடம் பத்து நிமிஷம் பேச வேண்டுமாம். எதைப் பற்றி என்று கேட்டேன். "நேர்மையைப் பத்திதான் சார், வேற எதைப் பத்தி? பேப்பர் கட்டிங்கை நோட்டீஸ் போர்டுல ஒட்டியாச்சு" என்றார். மச்சினன் அங்கேயே உட்கார்ந்திருக்கிறான், நான் "சரிங்க மேடம், ஆகட்டும் மேடம்" என்று நெளிந்துகொண்டு நின்றேன். எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியவில்லை.

மேஸ்திரி வாசலில் டம்ளரோடு நின்றார்.

"சார், என்ன சார் பண்றீங்க?"

குனிந்து பார்த்தேன். வலது கால் குறியைத் தேய்த்துக்கொண்டிருந்தது. ஜன்னல் ஓரத்திலிருந்து அடுப்பு மேடை வரை ஒரு குறி மிச்சமில்லை. கட்டை விரல் முழுக்க வெள்ளை.

மேஸ்திரி என்னென்னவோ சொன்னார். எதுவும் என் காதில் ஏறவில்லை. மச்சினன் பெட்டியை விட்டு எழுந்து வந்து, தரையைப் பார்த்தான், என் காலைப் பார்த்தான். மேஸ்திரி கையிலிருந்து சாக்பீஸை வாங்கித் தரையில் ஒரு கோடு போட்டான். கோட்டிலிருந்து நாலு விரற்கடை தள்ளி ஒரு வட்டம் போட்டான்.

"மாமா, இங்க நில்லு."

நின்றேன்.

"இந்த டைல்ஸ் கடையில எப்படிப் பேசி வாங்கின, சொல்லு."

சொன்னேன். முதலில் காட்டிய நிறம் அவன் அக்காவுக்குப் பிடிக்கவில்லை, இரண்டாவது வழுக்கும் என்றாள், மூன்றாவது கடைக்கு வெயிலில் நடந்தோம் என்று சொல்லிக்கொண்டே போனேன். மூன்றாவது கடைக்குள் நுழையும்போது வட்டத்தைக் காணோம்.

வீட்டுக்காரி அடுப்பு மேடை பக்கம் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். மச்சினன் தரையில் அப்படியே உட்கார்ந்தான். தோள் குலுங்கியது. சிரிக்கிறான் என்றுதான் நினைத்தேன். முகத்தைத் தூக்கியபோது கண் சிவந்திருந்தது.

"வேணும்னு பண்ணலியா மாமா நீ?"

"இல்லடா."

"அது அவுட்டுதானே?"

"நாலு விரற்கடை அவுட்டு. கண்ணால பாத்தேன்."

"அப்ப நாம ஜெயிச்சோம்."

"ஜெயிச்சோம்டா."

மூக்கைச் சட்டையில் துடைத்துக்கொண்டு போனை எடுத்தான். அவன் அம்மாவுக்குப் போட்டான். ஸ்பீக்கரில் என் மாமியார் குரல் கேட்டது.

"அம்மா, நானும் மாமாவும் ஃபைனல்ல ஜெயிச்சுட்டோம்."

"அடப்பாவி, எப்படா? அது முடிஞ்சு மூணு வாரம் ஆச்சே, சொல்லவே இல்ல?"

"இப்பத்தாம்மா தெரிஞ்சுது."